காஞ்சிபுரத்தில் நெருப்பை இறக்கிய நாள்

பூங்காவில் நின்ற இன்ஜினை மேடையிலிருந்து இறக்கி மறுபடியும் ஷெட்டுக்குக் கொண்டுவந்துவிட்டீர்கள் என்று சொன்னார்கள். சந்தோஷம். புதிதாகச் சேர்ந்திருக்கும் உங்களுக்கு அதைப் பற்றி நான் ஏதாவது எழுதித் தரவேண்டும் என்றும் கேட்டார்கள். எதைக் கழற்றுவது, எதைப் பூட்டுவது என்பதெல்லாம் உங்களிடம் புத்தகமாகவே இருக்கிறது. அதை நான் திரும்பச் சொன்னால் படிக்கும்போது நீங்கள் தூங்கிவிடுவீர்கள், எழுதும்போதே நான் தூங்கிவிடுவேன். அதனால் ஒரே ஒரு நாளைப் பற்றி மட்டும் சொல்கிறேன். அந்த இன்ஜின் இத்தனை வருஷம் குழந்தைகளின் சறுக்குமரத்துக்குப் பக்கத்தில் நின்றதற்கு அந்த நாள்தான் காரணம். அன்று அதன் நெருப்பை இறக்கச் சொன்னவன் நான்.

முதலில் அதன் ஜாதகம். கப்பலில் வந்த இன்ஜின். ஆயுள் முழுக்க அரக்கோணம் யார்டில் பெட்டிகளை இங்கிருந்து அங்கே தள்ளியது, அங்கிருந்து இங்கே இழுத்தது. பெயர் பெற்ற எக்ஸ்பிரஸ் எதையும் அது இழுத்ததில்லை. எந்தத் தலைவரும் அதன் பின்னால் பயணம் செய்ததில்லை. ஓய்வு கொடுத்தபோது, இரும்புக்கடைக்கு அனுப்பாமல், யாரோ ஒரு நல்ல மனிதர் அதற்கு அலுவலகப் பூங்காவில் ஒரு மேடை கட்டி நிறுத்தினார். பழைய நீராவி இன்ஜின்களை ஓட்டிக் காட்டலாம் என்ற ஆசை மேலிடத்துக்கு வந்தபோது எங்கள் ஷெட்டுக்கு வந்து சேர்ந்தது. அப்போது பாய்லருக்கு நான் பொறுப்பு. புகைபோக்கியில் குருவி கூடு கட்டியிருந்தது, தண்ணீர்த் தொட்டியில் அரசஞ்செடி முளைத்திருந்தது. சில வருஷம் அதோடு மல்லுக்கட்டினோம்.

ஓட்டுவதற்கு ஆள் வேண்டுமே. நீராவி ஓட்டத் தெரிந்தவர்களில் கண்ணும் முழங்காலும் இன்னும் ஒழுங்காக இருந்த ஒருவரைத் தேடிப் பிடித்தோம். ஓய்வுபெற்ற டிரைவர், அரக்கோணத்துக்காரர். சின்ன வயதில் இதே இன்ஜினில் கரி அள்ளிப் போட்டவர். பெயர் அச்சில் வருவது அவருக்குப் பிடிக்காது, அதனால் இங்கேயும் சொல்லப் போவதில்லை. நாங்கள் எல்லோரும் டிரைவரண்ணா என்றுதான் கூப்பிடுவோம். பாய்லரைப் பற்றி நான் படித்துத் தெரிந்துகொண்டது கொஞ்சம், அவர் பேசக் கேட்டுத் தெரிந்துகொண்டது நிறைய. முதல் தடவை நெருப்பு மூட்டி விசில் கொடுத்த அன்று எல்லோரும் கைதட்டினோம். அவர் மட்டும் மூக்கைச் சிந்திக்கொண்டு ஷெட்டின் பின்பக்கம் போனார். கேட்டதற்கு, புகை கண்ணில் பட்டுவிட்டது என்றார். அன்று புகையே இல்லை.

மேலிடம் ஒரு நிபந்தனை வைத்திருந்தது. அரக்கோணத்திலிருந்து காஞ்சிபுரத்துக்கு ஒரு நாள் ஓட்டம், காலையில் போய் மாலையில் திரும்பவேண்டும். எந்தக் குறையும் இல்லாமல் முடிந்தால் மாதம் ஒரு தடவை ஓட்டலாம். வழியில் ஏதாவது ஆகிவிட்டால் இன்ஜின் மறுபடியும் பூங்காவுக்கு, அதற்கு மேல் ஒரு பைசா கிடையாது. யாரும் எழுத்தில் தரவில்லை, ஆனால் ஷெட்டைக் கூட்டிப் பெருக்குகிறவர் வரை எல்லோருக்கும் தெரியும். அன்று டிரைவரண்ணா புதுச் சட்டை போட்டுக்கொண்டு வந்தார்.

காலை ஓட்டம் அமர்க்களமாக முடிந்தது. காஞ்சிபுரத்துக்காரர்களுக்கு ஒரு பொருள் கண்ணுக்கு லட்சணமாக இருந்தால் போதும், உடனே அதற்கு உற்சவம் நடத்திவிடுவார்கள். இன்ஜினுக்குச் சந்தனம், குங்குமம், ஆளுயர மாலை, சக்கரத்துக்கடியில் எலுமிச்சம்பழம், பூசணிக்காய். முகப்பில் யாரோ அரக்குக் கரை போட்ட பட்டு வஸ்திரம் ஒன்றைச் சாத்திவிட்டார்கள். ஐயம்பேட்டையிலிருந்து வந்திருந்த ஒரு பெரியவர் என் கையைப் பிடித்துக்கொண்டு, இதே இன்ஜினில்தான் தன் கல்யாண கோஷ்டி ஊருக்குத் திரும்பியது என்று கண்கலங்கினார். இந்த இன்ஜின் வேலை பார்த்த காலத்தில் காஞ்சிபுரம் பாதை மீட்டர் கேஜ். அகலப் பாதை இன்ஜினான இது ஊர் எல்லையைக்கூட மிதித்திருக்க முடியாது. அதை அவரிடம் சொல்லி என்ன ஆகப்போகிறது. ஆமாங்க, இதேதான் என்றேன்.

திரும்பும் ஓட்டத்துக்குத் தண்ணீர் பிடிக்கவேண்டும். தாமல் ஏரிப் பக்கம் ஒரு கிணற்றுத் தண்ணீரை முன்கூட்டியே சோதித்து, லாரிக்கும் சொல்லி வைத்திருந்தோம். அன்று பார்த்து ஊருக்குள் சாமி புறப்பாடு. லாரி நடுவில் மாட்டிக்கொண்டது. முன்னாலும் வர முடியவில்லை, பின்னாலும் போக முடியவில்லை. நாங்கள் கையைப் பிசைந்துகொண்டு நின்றபோது ஸ்டேஷனுக்குப் பக்கத்திலேயே சாயப்பட்டறை வைத்திருக்கும் ஒருவர் தானாக முன்வந்தார். வீட்டில் தெலுங்கு பேசும் குடும்பம், பல தலைமுறையாகப் பட்டு நூலுக்குச் சாயம் போடுகிறவர்கள். பட்டுக்கு உப்புத் தண்ணீர் ஆகாது என்பதால் அவர் பெரிய தொட்டி கட்டி மழைத் தண்ணீர் சேர்த்து வைத்திருந்தார். அதை இன்ஜினுக்குத் தருகிறேன் என்றார். நான் தயங்கியதைப் பார்த்து அவருக்குக் கொஞ்சம் ரோஷம்.

“பட்டுக்கு ஊத்துற தண்ணிபா இது. இரும்புக்கு ஆவாதா?” என்றார்.

அவர் தொட்டியிலிருந்து ஒரு பாட்டிலில் பிடித்துச் சோதித்தோம். உப்பு இல்லை, கடினம் இல்லை. எங்கள் கிணற்றுத் தண்ணீரைவிட நூறு மடங்கு மேல். எங்களுக்கு ஒரே சந்தோஷம். அவருடைய ஆட்கள் வேறொரு லாரியில் நிரப்பிக் கொண்டுவந்து இன்ஜினின் தொட்டியில் கொட்டினார்கள். அவரைக் குடும்பத்தோடு முதல் பெட்டியில் விருந்தாளியாக உட்கார வைத்தோம்.

பிற்பகலில் கிளம்பினோம். இன்ஜினில் நாலு பேர். டிரைவரண்ணா, என் வயதுக்காரரான ஃபயர்மேன், நான், நிகழ்ச்சிக்குப் பொறுப்பான இளம் அதிகாரி. அந்த அதிகாரி கெட்டவர் இல்லை. இந்த ஓட்டத்துக்காக மேலிடத்தில் மன்றாடி அனுமதி வாங்கியவரே அவர்தான். பின்னால் பெட்டிகள் நிறைய விருந்தாளிகள், குழந்தைகள், கேமராக்கள்.

ஊரைத் தாண்டிக் கொஞ்சம் ஏற்றம். இன்ஜின் மூச்சுப் பிடித்து இழுக்கத் தொடங்கியதும் புகைபோக்கியிலிருந்து புகையோடு சேர்ந்து வெதுவெதுப்பாகத் தண்ணீர் தெறித்தது. முன்னால் ஒரு லெவல் கிராசிங். கேட்டுக்கு இரண்டு பக்கமும் சனம். தண்ணீர் அவர்கள் மேலே தூறலாக விழுந்தது. அவர்கள் ஒதுங்கவில்லை. மாலை போட்டு வரும் இன்ஜின், அதிலிருந்து விழுகிற தண்ணீர், வேறென்னவாக இருக்கும்? கையை ஏந்திப் பிடித்துத் தலையில் தடவிக்கொண்டார்கள். ஒரு பெண் தன் குழந்தையின் உச்சந்தலையிலும் தடவினாள். புகைபோக்கி வழியாகப் பாய்லர் தண்ணீர் வருகிறது என்றால் உள்ளே தண்ணீர் கொதிக்கவில்லை, நுரைத்துப் பொங்குகிறது என்று அர்த்தம்.

தண்ணீர் மட்டம் காட்டும் கண்ணாடிக் குழாயைப் பார்த்தேன். மேலே வரைக்கும் நிறைந்திருந்தது. எதுவும் தெரியாதவர் பார்த்தால், நிறையத் தண்ணீர் இருக்கிறது, பிரமாதம் என்பார். டிரைவரண்ணா என்னைப் பார்த்தார். நீராவியை மூடி, கேட்டைத் தாண்டி வண்டியை நிறுத்தினார். நீராவியை மூடியதும் நுரை அடங்கியது. கண்ணாடியில் மட்டம் இறங்கியது, இறங்கியது, அடி விளிம்புக்கும் கீழே போய் மறைந்துவிட்டது. அங்கே இருந்த இன்னொரு கண்ணாடியிலும் அதே கதை.

இந்த இடத்தில் உங்களுக்கு ஒன்று சொல்லவேண்டும். நெருப்புப் பெட்டியின் மேல்தகடு எப்போதும் தண்ணீருக்குள் மூழ்கியிருக்கவேண்டும். அது வெளியே தலைகாட்டினால் சூட்டில் சிவந்து பழுக்கும். பழுத்த தகட்டின்மேல் தண்ணீர் பட்டால் பாய்லர் வெடிக்கும். கண்ணாடியின் அடி விளிம்பு அந்தத் தகட்டைவிடக் கொஞ்சம் உயரத்தில் இருக்கும். ஆகவே கண்ணாடியில் தண்ணீர் தெரியவில்லை என்றால் தகடு இன்னும் மூழ்கியிருக்கலாம், மூழ்காமலும் இருக்கலாம். தண்ணீர் தகட்டுக்கு மேலே இருந்தால், தொட்டித் தண்ணீரை இன்ஜெக்டர் வழியாக உள்ளே விட்டு, மெதுவாக ஓட்டிக்கொண்டு போய்விடலாம். கீழே போயிருந்தால், அப்படி விடுகிற தண்ணீரே நம்மைக் கொன்றுவிடும். எந்த நிலை என்று வெளியிலிருந்து பார்த்துச் சொல்ல வழி கிடையாது. நெருப்பைக் குத்திக் கீழே தள்ளி இறக்கிவிட்டால் ஆபத்து இல்லை. ஆனால் நெருப்பை இறக்கினால் ஓட்டம் முடிந்தது. பூங்காதான்.

அதிகாரியின் செல்போன் விடாமல் அடித்தது. ஏன் நின்றது என்று பெட்டியிலிருந்து யாரோ கேட்கிறார்கள். தண்ணீர் குறைந்துவிட்டது என்றால் தண்ணீரை விடுங்கள், தொட்டியில்தான் நிறைய இருக்கிறதே என்றார் அதிகாரி. கேட்க நியாயமான யோசனை மாதிரிதான் இருந்தது. வீட்டில் குழம்பு வற்றினால் நாமும் அதைத்தான் செய்வோம்.

டிரைவரண்ணாவின் கை இன்ஜெக்டர் கைப்பிடியில் இருந்தது. அவர் அதிகாரியைப் பார்க்கவில்லை, என்னைப் பார்த்தார்.

“இப்பதான்பா கீழ போச்சி. தகட்டுக்கு மேல தண்ணி இருக்குது. எனக்குத் தெரியும்” என்றார்.

அவர் சொன்னது வெறும் ஆசையில்லை. நான் பிறப்பதற்கு முன்பே இந்த இன்ஜினின் நெருப்புக்கு முன்னால் நின்றவர் அவர். அது விடுகிற மூச்சை வைத்தே அதற்கு என்ன வேண்டும் என்று சொல்லக்கூடியவர். அவர் வார்த்தையை நம்பி நான் எத்தனையோ முடிவு எடுத்திருக்கிறேன், ஒன்றுகூடத் தப்பாகப் போனதில்லை. அன்றும் நம்பத்தான் மனசு அடித்துக்கொண்டது. கேட்டுக்குப் பக்கத்தில் சனம் இன்னும் இன்ஜினைப் பார்த்துக் கும்பிட்டுக்கொண்டு நின்றது. முதல் பெட்டியின் ஜன்னலில் குழந்தைகளின் தலைகள்.

“எவ்ளோ இருக்குதுண்ணா?” என்றேன்.

அவர் கண்ணாடியைப் பார்த்தார். நெருப்புக் கதவைப் பார்த்தார்.

“இருக்குதுபா” என்றார்.

“கைய எடுங்கண்ணா.”

அவரிடம் நான் அப்படிப் பேசியதே இல்லை. ஷெட்டில் அவர் நின்றால் நான் உட்காரமாட்டேன். அவர் முகம் அப்போது எப்படி இருந்தது என்பதை எழுத எனக்கு இஷ்டமில்லை. கையை எடுத்தார். ஃபயர்மேன் எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, கடைசியில் குத்துக்கம்பியை எடுத்தார். பெட்டிகளைக் காலிசெய்து சனங்களைத் தள்ளி நிற்கவைக்கும்படி அதிகாரியிடம் சொன்னேன். அவர் என்னிடம் ஆங்கிலத்தில் ஏதோ சொல்லிவிட்டு இறங்கி ஓடினார். அது வாழ்த்து இல்லை. நெருப்பைக் குத்திக் குத்திக் கீழே தள்ளினோம். மிச்சத்தை ஈரமண் போட்டு மூடினோம். தண்டவாளத்துக்கு நடுவில் கரி சிவப்பாகக் கிடந்து, கொஞ்சம் கொஞ்சமாகக் கறுத்துப்போனது. அவ்வளவு வருஷத்து வேலையும் அங்கே அணைந்துகொண்டிருந்ததைப் பார்த்துக்கொண்டு நின்றேன். அழுகை வந்தது. அழவில்லை.

காரணம் அங்கேயே தெரிந்துவிட்டது. பெட்டியிலிருந்து இறங்கி வந்த சாயப்பட்டறைக்காரர் புகைபோக்கியிலிருந்து வழிந்ததை விரலால் தொட்டு, இரண்டு விரலையும் தேய்த்துப் பார்த்தார். வழுவழுவென்றிருந்தது. போன் போட்டுத் தன் ஆட்களிடம் தெலுங்கில் பேசினார். விஷயம் இதுதான். மழைத் தண்ணீர்த் தொட்டி காலியாகியும் லாரி நிறையவில்லை. பட்டு நூலை அவித்துப் பசை எடுப்பதற்காக, அதே மழைத் தண்ணீரில் சோப்பும் சோடாவும் கரைத்துப் பக்கத்தில் தயாராக வைத்திருந்தார்கள். அதையும் ஊற்றி நிரப்பிவிட்டார்கள். அலட்சியத்தில் செய்யவில்லை, பாசத்தில் செய்தார்கள். பழைய இன்ஜின் ஆச்சே, உள்ளே இருக்கும் அழுக்கெல்லாம் போய்ப் பளிச்சென்று ஆகட்டும் என்று நினைத்திருக்கிறார்கள். பட்டு அப்படித்தான் பளிச்சென்று ஆகிறது. சாயப்பட்டறைக்காரர் ஜல்லி மேலேயே உட்கார்ந்து தலையில் கையை வைத்துக்கொண்டார். நான் அவர் பக்கத்தில் உட்கார்ந்து, தப்பு உங்களுடையதில்லை என்றேன். உண்மையும் அதுதான். பட்டறைத் தொட்டியில் இருந்த தண்ணீரைச் சோதித்தோம், லாரியில் வந்த தண்ணீரைச் சோதிக்கவில்லை. நாம் எதைக் கேட்கிறோமோ அதற்குத்தான் சோதனை பதில் சொல்லும்.

டீசல் இன்ஜின் வந்து எல்லாவற்றையும் சேர்த்து இழுத்துக்கொண்டு போனது. மாலையும் பட்டும் அப்படியே இருந்தன. டிரைவரண்ணா டீசலில் ஏறமாட்டேன் என்று சொல்லிவிட்டு, அணைந்த இன்ஜினிலேயே நின்றுகொண்டு வந்தார். நானும் அதிலேயேதான் வந்தேன்.

பாய்லர் ஆறிய பிறகு விசாரணைக்கு வந்த பெரிய அதிகாரியின் முன்னால் திறந்து பார்த்தோம். தகட்டுக்கு மேலே தண்ணீர் இருந்தது. அதிகமில்லை, ஆனால் இருந்தது. ஒரு இடம்கூடப் பழுத்த அடையாளம் இல்லை. அதாவது டிரைவரண்ணா சொன்னதுதான் சரி. அவர் இன்ஜெக்டரைத் திறந்திருந்தால் ஒன்றும் ஆகியிருக்காது. நிதானமாக ஓட்டி, கொஞ்சம் தாமதமாக ஊர் போய்ச் சேர்ந்திருப்போம். எல்லோரும் டார்ச் அடித்துப் பார்த்தார்கள். பிறகு எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். நானும் டார்ச்சை வாங்கி இன்னொரு தடவை பார்த்தேன். தண்ணீர் இருக்கத்தான் செய்தது.

நீங்கள் ரொம்பக் காலம் இந்த வேலையில் இருந்தால் உங்களுக்கும் இப்படி ஒரு நாள் வரும். நீங்கள் எடுத்த முடிவு தேவையே இல்லாமல் போயிருக்கும், அதற்கான விலையை மட்டும் எல்லோரும் கொடுத்திருப்பார்கள். அப்போது உங்கள் பக்கம் பேச உங்களிடம் ஒன்றும் இருக்காது. வெடிக்காத பாய்லரைக் காட்டி, பாருங்கள், இது வெடித்திருக்கும் என்று யாரிடம் போய்ச் சொல்வது?

விசாரணையில் பெரிய அதிகாரி என்னைக் கேட்டார். தெரியாது, அதனால் இறக்கினேன் என்றேன். பிறகு டிரைவரண்ணாவைக் கேட்டார். முடிவு உங்கள் கையில் இருந்திருந்தால் நெருப்பை இறக்கியிருப்பீர்களா?

“எறக்கியிருக்க மாட்டன் சார்” என்றார் டிரைவரண்ணா.

அறையில் இருந்தவர்களுக்கு அது போதுமானதாக இருந்தது. பெரிய அதிகாரி மூக்குக்கண்ணாடியைக் கழற்றி மேஜைமேல் வைத்தார். நான் தரையைப் பார்த்தேன். டிரைவரண்ணா இன்னும் முடிக்கவில்லை.

“அதனாலதான் சார், வாய்லரு அவருகிட்ட இருக்கணும். என்கிட்ட குடுத்துடாதீங்க. எவ்ளோ இருக்குதுன்னு ஒரு வார்த்த கேட்டாரு. எனக்கு சொல்லத் தெரில. சொல்லத் தெரியாதவன் கை அதும்மேல இருக்கக் கூடாது.”

என்மேல் நடவடிக்கை எதுவும் இல்லை. ஆனால் நிபந்தனை நிபந்தனைதான். பாய்லரில் இருந்த தண்ணீரை வடித்துவிட்டு, வர்ணம் பூசி, இன்ஜினைப் பூங்காவுக்கு அனுப்ப உத்தரவு வந்தது. உத்தரவைக் கேட்டுவிட்டு நானும் டிரைவரண்ணாவும் வெளியே வந்து டீ சொன்னோம். எனக்காக அவர் பேசியது மனசை என்னவோ செய்துகொண்டிருந்தது. கேட்டே விட்டேன்.

“நீங்க சொன்னாமாதிரி தண்ணி இருந்துச்சேண்ணா. என்மேல கோவம் இல்லியா?”

“இருக்குதுபா. நல்லாவே இருக்குது” என்றார். “நான் கைய எடுக்காம இருந்திருந்தா அது இன்னிக்கி ஓடிக்கினு இருக்கும்.”

அது பொய்யில்லை. அவர் டீயை நிதானமாகக் குடித்து முடித்து, கிளாஸைக் கடைக்காரரிடம் கொடுத்தார். சட்டைப் பையிலிருந்து கைக்குட்டையை எடுத்து வாயைத் துடைத்தார். ரோட்டைக் கடக்கப் போனவர் நின்று திரும்பினார்.

“அடுத்த தபாவும் எறக்கு” என்றார்.

அவர் ஆயுளில் அந்த அடுத்த தபா வரவில்லை.